கேட்காமல் எடுத்த படம்

பக்கத்து வீட்டு அக்காவின் பெயரை இங்கே நான் எழுதப்போவதில்லை. எழுதட்டுமா என்று கேட்க இன்றைக்கு அவள் இல்லை. கேட்காமல் செய்தால் அவளிடம் என்ன வாங்கிக் கட்டிக்கொள்ள நேரும் என்பது கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் எங்கள் வரிசையில் குடியிருந்த எல்லோருக்கும் தெரியும்.

நான் கல்யாணமாகிக் கிள்ளானிலிருந்து ரயில்வே குவார்ட்டர்ஸுக்கு வந்த புதிது. என் வீட்டுக்காரர் எஞ்சினில் கரி அள்ளிப் போடுகிறவர், விடியுமுன் போய்விடுவார். குழாயடியில் ஒரு வாளி கிடந்தது. எடுத்துத் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தேன். பின்னால் குரல் கேட்டது.

"யாரக் கேட்டு எடுத்த?"

"சும்மாதான் கெடந்துச்சு."

"சும்மா கெடந்தா உன்னுதா? நான் படுத்துக் கெடந்தா என்னையும் தூக்கிட்டுப் போவியா?"

என் காலடியிலேயே தண்ணீரைக் கவிழ்த்துவிட்டு வாளியோடு போய்விட்டாள். வீட்டுக்குள் போய் அழுதேன். மறுநாள் காலையில் கதவைத் திறந்தால் அதே வாளி, நிறையத் தண்ணீரோடு, வாசலில் இருந்தது. பக்கத்து வீட்டு வாசலில் நின்றுகொண்டு அக்கா சொன்னாள்: "கேட்டிருந்தா நேத்தே குடுத்திருப்பேன். வச்சுக்க. எனக்கு வேற இருக்கு."

அவளைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டிய பாதி அந்த வாளியிலேயே இருந்தது. மீதிப் பாதியைத் தெரிந்துகொள்ள எனக்கு இரண்டு மூன்று வருஷம் ஆயிற்று.

அவள் கோபத்தில் கெட்ட வார்த்தை வராது. கேள்விதான் வரும். யாரைக் கேட்ட, எதுக்கு எடுத்த, உனக்கு யாரு சொன்னது. பதில் சொல்லும்வரை நகரமாட்டாள். பதில் சொல்ல முடியாதவர்கள்தான் அவளைச் சண்டைக்காரி என்றார்கள்.

அவளுக்கு ஆயா வேலை. பெரிய உத்தியோகத்தில் இருக்கிறவர்கள் வீட்டில் பிள்ளை பார்ப்பாள். நான் பார்க்க நாலு வீடு மாறினாள். வெள்ளைக்காரர் வீட்டுக்கு மட்டும் எவ்வளவு கொடுத்தாலும் போகமாட்டாள். யாழ்ப்பாணத்து அதிகாரி ஒருவர் வீட்டில் நன்றாகத்தான் இருந்தாள். ஒருநாள் அந்த வீட்டம்மா, தங்கை வீட்டில் விசேஷம் என்று, அக்காவிடம் ஒரு வார்த்தை கேட்காமல் அவளை ரிக்‌ஷாவில் ஏற்றி அங்கே அனுப்பிவிட்டார். அன்று பொழுது சாய்வதற்குள் அக்கா வேலையை விட்டுவிட்டு வந்தாள்.

"ஒரு நாள்தானக்கா, போனா என்ன?" என்றேன்.

"போறதுக்கு என்ன, போவேன். நான் என்ன குடையா, மழை பெஞ்சா தங்கச்சிக்குத் தூக்கிக் குடுக்க?"

இன்னொரு சமயம், தைப்பூசம் முடிந்து பெண்கள் கூட்டமாகத் திரும்பிக்கொண்டிருந்தோம். படக்கடைக்காரன் ஒருவன் மூன்று கால் பெட்டியை ரோட்டோரம் வைத்துக் கறுப்புத் துணிக்குள் தலையை விட்டுக்கொண்டிருந்தான். எங்களைத்தான் எடுக்கிறான் என்று தெரிந்ததும் அக்கா நேரே போய் அந்தத் துணியை உருவிவிட்டாள். அவனுக்கு முகமெல்லாம் வியர்வை.

"அழகா இருந்துச்சும்மா, அதான்."

"அழகா இருந்தா? பாசார்ல மீனும்தான் அழகா இருக்கு. கேக்காம எடுத்து மடில கட்டிக்குவியா?"

படம் எடுத்தால் ஆயுசு குறையும் என்று அப்போது பலர் பயப்படுவார்கள். அக்காவுக்கும் அந்தப் பயம்தான் என்று நினைத்தேன். வரும் வழியில் கேட்டேன். "ஆயுசெல்லாம் ஒண்ணும் கொறையாது. எடுத்துட்டுப் போறவன் அத எங்க வச்சு எதுக்குக் காட்டுவான், அது நமக்குத் தெரியாதுல்ல," என்றாள். அவ்வளவுதான் சொன்னாள்.

எனக்கு மூத்தவள் பிறந்தபோதுதான் அந்த மீதிப் பாதி தெரிந்தது. பிள்ளையைப் பார்க்க வந்தவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு முறை தூக்கிக் கொஞ்சினார்கள். அக்கா தொட்டிலருகே குனிந்து நின்று பிள்ளையையே கேட்டாள்: "தூக்கட்டுமா தாயி?" பிள்ளை கையை ஆட்டியதும்தான் தூக்கினாள். நான் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை. பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு, சுவரைப் பார்த்தபடி சொன்னாள்.

அவள் புருஷன் ரவாங் பக்கத்து ரப்பர்த் தோட்டம் ஒன்றில் பால் வெட்டியவன். மரம் விழுந்து செத்துப்போனான். அவளைத் துரை பங்களாவில் ஆயாவாக வைத்துக்கொண்டார்கள். அவளுக்கு ஒரு பெண், அஞ்சலை. பங்களா வாசல்படி வரைக்கும் அஞ்சலை வரலாம், படி ஏறக்கூடாது. ஒரு வருஷம், துரை குடும்பம் ஓய்வுக்கு மலைக்குப் போனது. குழந்தையைப் பார்க்க ஆயாவும் வரவேண்டும் என்றார்கள். வேலைக்குப் போகிறவர்கள் பிள்ளைகளை விடுகிற கொட்டகையில் அஞ்சலையை விட்டுவிட்டுப் போனாள். கீழே அஞ்சலைக்குக் காய்ச்சல் வந்தது. தோட்டத்திலிருந்து மலைக்கு டெலிபோனில் சொல்லியிருக்கிறார்கள். துரை காதில் வாங்கிக்கொண்டார். ஆயாவிடம் சொல்லவில்லை. சொன்னால் அவள் கீழே இறங்கிவிடுவாள், குழந்தையை யார் பார்ப்பது? எல்லோரும் ஊர் திரும்பியபோது அஞ்சலையைப் புதைத்த மண் காய்ந்திருந்தது.

"எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டிருக்கலாம். 'உம் பிள்ளைக்கு முடியல, போறியா இருக்கியா'ன்னு. கேட்டா நான் போயிருவேன்னுதான் கேக்கல," என்றாள். அதன்பிறகு அவள் அந்தப் பேச்சை எடுக்கவில்லை. நானும் கேட்கவில்லை.

அடுத்த வருஷம், ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் ஒன்றில், எங்கள் பக்கத்து மண்டபத்தில் படம் காட்டுகிறார்கள் என்று தமுக்கு அடித்துச் சொன்னார்கள். காசு இல்லை, தேத்தண்ணியும் பிஸ்கட்டும் உண்டு. தோட்டக் கம்பெனிகள் சேர்ந்து போடும் படம். தோட்டத்தில் நம் ஜனங்கள் எவ்வளவு சௌகரியமாக இருக்கிறார்கள் என்று காட்டுவதற்காக எடுத்தது. எடுத்தது என்று சொல்வதும் தப்பு. துரைமார் பலர் சொந்தமாகச் சின்னப் படப்பெட்டி வைத்திருந்தார்கள். சாவி கொடுத்தால் ஓடும். பெண்டாட்டி பிள்ளைகளையும் நாயையும் தோட்டத்தையும் பொழுதுபோக்காகப் பிடித்து வைத்துக்கொள்வார்கள். சீமைக்குத் திரும்பிய சிலர் விட்டுப்போன அந்தச் சுருள்களை வாங்கி, வேண்டியதை வெட்டி, ஒட்டி, ஒரு படமாக்கியிருந்தார் ஒருவர். நம் ஆள்தான். சிங்கப்பூரில் படச்சாமான் கடையில் தொழில் படித்தவர். பேசாத படம் என்பதால் அவரே திரைக்குப் பக்கத்தில் பிரம்போடு நின்று விளக்கமும் சொன்னார்.

ஜன்னல்களுக்கெல்லாம் கறுப்புத் துணி. உள்ளே வெந்தது. பெண்கள் பக்கம் நானும் அக்காவும் நடுவில் உட்கார்ந்திருந்தோம். ரப்பர் மரங்கள் வந்தன. வெள்ளையடித்த ஆஸ்பத்திரி வந்தது. அப்புறம் ஒரு சின்னப் பெண். பாவாடை மட்டும் கட்டியிருந்தாள். ஒரு படிக்கட்டுக்குக் கீழே நின்று, ஒரு பக்கமாகப் பார்த்து, கையை ஆட்டி ஆட்டிச் சிரித்தாள். முன்பல் இரண்டும் இல்லை.

"பாருங்கள், தோட்டத்துக் குழந்தை," என்றார் படக்காரர். "வேளைக்குப் பால், நோய்க்கு மருந்து. இந்தச் சிரிப்பே அதற்குச் சாட்சி."

உடனே அடுத்த படம். இடுப்பில் வெள்ளைக்காரக் குழந்தையோடு ஒரு பெண் நின்று சிரிக்கிறாள். பின்னால் மூடுபனிக்குள் மலை. அந்தக் குழந்தை அவள் மூக்கைப் பிடித்து இழுக்கிறது.

"அதோ, மகளைக் கண்டு பூரிக்கும் தாய். துரை வீட்டுப் பிள்ளையையும் தன் பிள்ளை போலவே வைத்திருக்கிறாள்."

அக்கா எழுந்தாள். உட்கார்ந்திருந்தவர்களைத் தாண்டி நேரே திரைக்குப் போனாள். அவள் முதுகின் மேல் அவளே சிரித்துக்கொண்டிருந்தாள்.

"படத்த நிப்பாட்டுங்க."

"நிறுத்தினா சூட்டுல ஃபிலிம் கருகிரும்மா. வழிய விடுங்க," என்றார் படக்காரர்.

"கருகட்டும்."

கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினாள். அவள் கத்தவில்லை. கேள்வி கேட்கிற அதே குரல்தான்.

"அந்தப் பிள்ள உங்களப் பாத்துச் சிரிக்கல. பெட்டிக்குப் பக்கத்துல, படத்துல விழாம தள்ளி நில்லுன்னு சொன்னாங்க, அங்க நான் நின்னேன். என்னப் பாத்துச் சிரிக்குது. அது பேரு அஞ்சலை. நான் சிரிக்கிறேனே, அது பிள்ளயப் பாத்து இல்ல. நான் அப்ப மலைல இருந்தேன். அது கீழ காய்ச்சல்ல கெடந்துச்சு. மருந்து குடுத்தாங்களா குடுக்கலயான்னுகூட எனக்குத் தெரியாது. செத்துப்போச்சு."

யாரோ கறுப்புத் துணியை விலக்கினார்கள். வெளிச்சம் வந்ததும் எல்லோரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அப்புறம் தேத்தண்ணி வந்தது. அதையும் வாங்கிக் குடித்தார்கள். அன்றைக்கு எனக்கு வந்த கோபம் இன்றைக்கும் தீரவில்லை. எங்கள் வரிசைப் பெண்களே என்ன பேசினார்கள் தெரியுமா? "பாவம், பிள்ள போன ஏக்கம். புத்தி கொழம்பிருச்சு." ஒருத்தி என்னிடம், "படத்துல பிள்ளயப் பாத்தாளே, அதுவே புண்ணியம்லா," என்றாள். புத்தி குழம்பியவள் இப்படி ஒவ்வொன்றாகப் பிரித்துச் சொல்வாளா? அந்த மண்டபத்தில் புத்தி தெளிவாக இருந்தது அவள் ஒருத்திக்குத்தான்.

படக்காரர் கிள்ளானில் ஸ்டேஷனுக்கு அருகே ஒரு கடை மாடியில் தங்கியிருக்கிறார் என்று விசாரித்தோம். என் தாய்வீடு அங்கேதான் என்பதால் நானும் கூடப் போனேன். அறை முழுக்கக் கொடி கட்டி, துணி காயப் போடுவதுபோல ஃபிலிம் துண்டுகளைத் தொங்கவிட்டிருந்தார். கத்தரியும் ஒட்டுகிற மருந்துப் புட்டியும் மேசையில் இருந்தன. அவர் கெட்டவர் இல்லை. எழுந்து நின்று எங்களை உட்காரச் சொன்னார். அக்கா உட்காரவில்லை.

"எனக்கு இதெல்லாம் தெரியாதும்மா. துரை ஊருக்குப் போறப்ப ரீலக் கம்பெனிக்குக் குடுத்துட்டுப் போனாரு. கம்பெனி எனக்குக் குடுத்துச்சு."

"துரை கம்பெனிக்குக் குடுத்தாரு, கம்பெனி உங்களுக்குக் குடுத்துச்சு. நான் யாருக்கும் குடுக்கலயே."

அவர் மேசையிலிருந்த கத்தரியை எடுத்து ஓரமாக வைத்தார். பிறகு மெதுவாகச் சொன்னார். "பிள்ள ஒரு ரீல்ல இருந்துச்சு, நீங்க ஒரு ரீல்ல இருந்தீங்க. ரெண்டும் ஒரே முகம். தாயும் மகளும்னு பாத்த ஒடனே தெரிஞ்சுபோச்சு. தனித்தனியா இருக்கே, சேத்து வைப்போம்னு தோணுச்சு. நல்லெண்ணத்துலதாம்மா சேத்தேன்."

அக்கா முகத்தில் அதுவரைக்கும் நான் பார்க்காத ஒன்று வந்தது.

"பிரிச்சது அவங்க. நீங்க சேத்து வச்சு, பிரிக்கவே இல்லன்னு ஆக்கிட்டீங்க. அவங்க செஞ்சதுக்கு இனிமே சாட்சி எங்க இருக்கு? பாக்கறவன் என்ன நெனப்பான்? தாயும் மகளும் சிரிச்சுக்கிட்டு இருந்தாங்கன்னுதானே?"

"வேணும்னா பிள்ள இருக்கிற துண்ட வெட்டி உங்ககிட்டயே குடுத்துடறேன்."

"குடுத்தா? எங்கிட்ட அந்தப் பெட்டி இருக்கா, போட்டுப் பாக்க? பிள்ள இருக்கட்டும். நாலு பேரு பாக்கட்டும். என்ன வெட்டி எடுத்துருங்க. இந்தப் பிள்ள காய்ச்சல்ல செத்துப்போச்சு, தாய்க்குச் சொல்லலன்னு உங்க வாயால சொல்லுங்க."

"அதச் சொன்னா படமே வேண்டாம்பாங்கம்மா."

"வேண்டாம்னு சொல்லட்டும்."

"இது எம் பொழப்பு."

"அது எம் பிள்ள."

ரயிலில் திரும்பும்போது அக்கா ஜன்னலோரம் உட்கார்ந்து வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். பெட்டாலிங் தாண்டியதும் என்னைப் பார்க்காமலே சொன்னாள்: "நான் சிரிக்கிறேன்ல, மூக்கப் பிடிச்சு அது இழுக்கறப்ப. அந்த நேரத்துல அஞ்சல உசிரோட இருந்துச்சா இல்லையான்னு எனக்குத் தெரியாது. படப்பெட்டியப் பிடிச்சுக்கிட்டு நின்னாரே துரை, அவருக்குத் தெரியும்."

அதிலிருந்து அவள் அந்தப் படத்தைத் துரத்தினாள். எங்கே காட்டுகிறார்கள் என்று ரயில்வேக்காரர்களிடம் விசாரித்து வைத்துக்கொள்வாள். செமினிக்குப் பஸ்ஸில் போனாள். கிள்ளானில் இரண்டு இடத்துக்குப் போனாள். அஞ்சலை வரும்வரை பேசாமல் உட்கார்ந்திருப்பாள். அஞ்சலை கையாட்டி முடிக்கும்வரை கண்ணெடுக்காமல் பார்ப்பாள். பிறகு எழுந்து போய், தன் படத்தை மறைத்துக்கொண்டு நின்று, மண்டபத்தில் சொன்னதையே சொல்வாள். பிள்ளையைப் பார்க்கத்தான் போகிறாள் என்று சிலர் சொன்னார்கள். அதுவும் இருந்திருக்கும். ஏன் இருக்கக்கூடாது?

ரவாங்குக்கு நானும் கூடப் போயிருந்தேன், அங்கேதான் அவளுக்கு அடி விழுந்தது. யாரும் கை வைக்கவில்லை. அங்கே வந்திருந்தவர்களில் பாதிப் பேர் அவள் இருந்த தோட்டத்து ஆட்கள். அஞ்சலையை இடுப்பில் வைத்துச் சோறூட்டியவர்கள், குழி வெட்டியவர்கள். முன்வரிசையில் பெரிய கங்காணி கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். அக்கா எழுந்து பேசிவிட்டு, தெரிந்த முகமாகப் பார்த்துப் பார்த்துக் கேட்டாள்.

"நீங்க சொல்லுங்கண்ணே. உங்களுக்குத் தெரியும்ல?"

அவர் குனிந்துகொண்டார்.

"நீ சொல்லு. நீதானே அதக் குளிப்பாட்டுன?"

அந்தப் பெண் முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். கங்காணி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, "ஒக்காரு," என்றார். அக்கா உட்காரவில்லை. வெளியே வந்து ரோட்டோரம் வாந்தி எடுத்தாள். நான் முதுகைத் தடவிக்கொண்டு நின்றேன். "தெரியாதவன் வாய மூடிக்கிட்டா பரவால்ல," என்றாள். அவர்களுக்கு வேலை போகும், கம்பெனி கொடுத்த லயத்து வீடு போகும் என்றெல்லாம் எனக்கும் தெரியும். தெரிந்தும் என்னால் அவர்களை மன்னிக்க முடியவில்லை. அவள் மன்னித்தாளா என்று நான் கேட்டதில்லை.

பிறகு காஜாங்கில் காட்டினார்கள். இந்த முறை வாசலில் போலீஸ்காரன் ஒருவன் நின்றான். அவனுக்கு அக்காவின் முகம் தெரியாது. முக்காடு போட்டுக்கொண்டு கூட்டத்தோடு உள்ளே போனோம். ஒரு பள்ளிக்கூடத்துக் கொட்டகை. பல தோட்டங்களிலிருந்து லோரியில் ஆட்களை ஏற்றி வந்திருந்தார்கள். எங்களுக்குத் தெரிந்த முகம் ஒன்றுகூட இல்லை.

மரங்கள் வந்தன. ஆஸ்பத்திரி வந்தது. அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தாள். திரையில் வெள்ளையாக ஒரு மின்னல் வெட்டியது. அடுத்து பங்களாத் தோட்டத்து ரோஜாச் செடிகள் வந்தன. அப்புறம் ஒரு நாய்.

படிக்கட்டு இல்லை. அஞ்சலை இல்லை. மலையும் இல்லை.

அக்கா என் மணிக்கட்டைப் பிடித்திருந்தாள். அவள் நகம் பதிந்தது. "வெட்டிட்டாங்க," என்றாள். எனக்கு மட்டும் கேட்கிற குரலில். கொடியில் தொங்கிய துண்டுகளோடு அஞ்சலையும் எங்கேயோ தொங்குகிறாளா, பெருக்கித் தள்ளிவிட்டார்களா, எனக்கு இன்றைக்கும் தெரியாது. "வா அக்கா, போயிடலாம்," என்றேன்.

அவள் எழுந்தாள். வாசலுக்குப் போகவில்லை. திரைக்கு முன்னால் போய் நின்றாள். நாய் அவள் சேலைமேல் ஓடியது.

"இந்த எடத்துல ஒரு பிள்ள இருந்துச்சு," என்றாள். "எம் பிள்ள. பேரு அஞ்சலை. ஆஸ்பத்திரிக்கும் இந்த நாய்க்கும் நடுவுல கையாட்டிக்கிட்டு நின்னுச்சு. இப்ப வெட்டிட்டாங்க. காய்ச்சல்ல செத்த பிள்ள. எனக்குச் சொல்லாமலே பொதச்ச பிள்ள."

படக்காரர் பிரம்பைத் தட்டிக்கொண்டு ரோஜாச் செடியைப் பற்றி இன்னும் சத்தமாகச் சொல்ல ஆரம்பித்தார். போலீஸ்காரன் உள்ளே எட்டிப் பார்த்தான். நான் பயந்துபோய் எழுந்து நின்றேன்.

அப்போது பின்வரிசையிலிருந்து ஒரு பெண்குரல் வந்தது. இருட்டில் ஆள் தெரியவில்லை.

"எனக்கும் ஒரு பையன் இருந்தான். அந்த ஆஸ்பத்திரி மாதிரிதான் எங்க தோட்டத்துலயும் இருக்கு. பூட்டியே கெடக்கும்."

"எந்தத் தோட்டம்மா?" என்று அக்கா கேட்டாள்.

அவள் தோட்டத்தைச் சொன்னாள். இன்னொருத்தி, இந்தப் பக்கம், "எனக்கு ரெண்டு," என்றாள். ஆண்கள் பக்கத்திலிருந்து ஒருவர் ஏதோ சொல்ல வந்து பாதியில் நிறுத்திவிட்டார். பக்கத்தில் இருந்தவர் அவருக்காகச் சொன்னார். போலீஸ்காரன் வழியில் உட்கார்ந்திருந்த பெண்களைத் தாண்டி வர முடியாமல் நின்றான். அவர்கள் நகரவில்லை. படக்காரர் பேசிக்கொண்டுதான் இருந்தார். என்ன பேசினார் என்று யாருக்கும் கேட்கவில்லை.

அக்கா ஒவ்வொருவரிடமும் பிள்ளையின் பெயரைக் கேட்டாள். அவர்கள் சொன்னதும், அதைத் தானும் ஒருமுறை உரக்கச் சொன்னாள். படம் அதுபாட்டுக்கு ஓடி முடிந்தது.